எல்லாக் கட்சியும் வந்து உட்காரும் திண்ணை: நெல்லைப் பக்கம் வணிகர் மன்றம் தொடங்குபவர்களுக்கு

2018-ல் நாங்கள் 11 பேர் சேர்ந்து ஓர் அமைச்சரைப் பார்க்கப் போனோம். அரிசி ஆலைக்காரர், டவுனில் பாத்திரக் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி, பேட்டையில் லேத் பட்டறை நடத்துபவர், கல்லிடைக்குறிச்சி அப்பளக்காரர் என்று கலவையான கூட்டம். அவர்களில் பாதிப் பேருக்கு நான் கணக்கு எழுதுகிறவன் என்பதால் மனுவை என்னிடம் தயார்செய்யச் சொன்னார்கள். 4 பக்கம், 22 கோரிக்கை. வராந்தாவில் இரண்டு மணி நேரம் நின்று, சால்வை போட்டு, மனுவைக் கொடுத்தோம். அமைச்சர் பொறுமையாகவே பார்த்தார். பக்கங்களைப் புரட்டிவிட்டு, "இதுல என் துறை எது அண்ணாச்சி?" என்று கேட்டார். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றோம். வீட்டுக்கு வந்து வரிவரியாகப் பார்த்தபோதுதான், 22-ல் அவருடைய துறைக்கு உரியது ஒன்றுகூட இல்லை என்று தெரிந்தது.

அந்தக் கேள்விக்கு விடையைக் கையில் வைத்துக்கொண்டு போகப் பழகியதுதான் எங்கள் மன்றத்தின் கதை. இப்போது அம்பாசமுத்திரம், வள்ளியூர், சங்கரன்கோவில் பக்கமிருந்தெல்லாம் "நாங்களும் இப்படி ஒன்று தொடங்கணும், எப்படி?" என்று கேட்கிறார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

இது என்ன அமைப்பு?

வணிகர் சங்கம் ஏற்கெனவே இருக்கிறதே என்பது எல்லாரும் கேட்கும் முதல் கேள்வி. சங்கம் இருக்கட்டும், இருக்கவும் வேண்டும். கடையடைப்பு, ஆர்ப்பாட்டம், ஓர் உறுப்பினருக்குத் தொந்தரவு வந்தால் பத்துப் பேராகப் போய் நிற்பது எல்லாம் சங்கத்தின் வேலை. மன்றத்தின் வேலை அதற்கு முந்தைய கட்டத்தில் வருகிறது. ஒரு வரியோ விதியோ எழுதப்படுவதற்கு முன்பே ஆளும் கட்சி, எதிர்க்கட்சி, சட்டமன்றத்தில் ஓர் இடம்கூட இல்லாத சின்னக் கட்சி என எல்லாரையும் கூப்பிட்டு, இங்கே தொழில் எப்படி நடக்கிறது என்று கணக்கோடு காட்டுவது. லாபம் பார்ப்பதில்லை, யாருக்கும் ஓட்டு கேட்பதில்லை.

வெளிநாடுகளில் இது பழைய வழக்கம். ஜெர்மனியில் ஒரு கட்சியை ஒட்டியே தொழில் மன்றம் இருக்கும். கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சியை ஒட்டிய பொருளாதார மன்றம் 1963-ல் தொடங்கியது. பிரிட்டனில் 1977-லிருந்து இயங்கும் தொழில்-நாடாளுமன்ற அறக்கட்டளை எந்தக் கட்சியையும் சாராதது. நமக்கு இரண்டாவது வகைதான் ஒத்துவரும் என்பது என் உறுதியான எண்ணம்.

காரணத்தை ஜிஎஸ்டியை வைத்தே சொல்லலாம். வரி விகிதம் பற்றிப் பேசி முடிவெடுக்கும் இடம் ஜிஎஸ்டி கவுன்சில். அதில் ஒன்றிய அரசின் வாக்குக்கு மூன்றில் ஒரு பங்கு எடை, மாநிலங்கள் எல்லாவற்றுக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு பங்கு. ஒரு முடிவு நிறைவேற நான்கில் மூன்று பங்கு வேண்டும். அதாவது டெல்லி மட்டும் நினைத்தாலும் நடக்காது, மாநிலங்கள் மட்டும் நினைத்தாலும் நடக்காது. டெல்லியில் ஒரு கட்சி, சென்னையில் இன்னொரு கட்சி என்று இருக்கும்போது, ஒரு கட்சி வாசலில் மட்டும் நிற்கிற வணிகருக்குப் பாதி வேலைகூட ஆகாது.

முதலில் யார் யார்?

தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம் 1975-ன்படி குறைந்தது 7 பேர் வேண்டும். 7 பேர் சேர்ப்பது எளிது. சரியான 7 பேர் கிடைப்பதுதான் கஷ்டம். ஒரே தெருவில் ஒரே வியாபாரம் செய்கிற ஏழு பேர் சேர்ந்தால் அது வேறு பெயரில் இன்னொரு சங்கம் ஆகிவிடும். நயினார்குளம் மார்க்கெட்டில் மொத்த வியாபாரம் செய்பவர், கங்கைகொண்டான் சிப்காட்டில் சின்ன யூனிட் வைத்திருப்பவர், பத்தமடையில் பாய் முடைய ஆள் வைத்திருப்பவர், வீரவநல்லூர் நெசவுக்காரர், காருகுறிச்சி மண்பாண்டக்காரர் என்று பரவலாகப் பாருங்கள். இரண்டு பெண்களாவது இருக்கட்டும். இந்தப் பக்கத்தில் அப்பளமும் பாயும் பீடியும் பெண்கள் கையால்தான் நடக்கின்றன. கூட்டத்தில் மட்டும் ஆண்கள் உட்கார்ந்திருந்தால் பாதி விவரம் காணாமல் போகும்.

உறுப்பினராக இல்லாவிட்டாலும், விவசாயிகள் தரப்பிலிருந்தும் தொழிலாளர் தரப்பிலிருந்தும் ஒவ்வொருவரை ஒவ்வொரு கூட்டத்துக்கும் அழையுங்கள். கங்கைகொண்டானில் ஆலைகள் தாமிரபரணித் தண்ணீர் எடுப்பது பற்றிய வழக்கு 2016-ல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை வரை போனது எல்லாருக்கும் நினைவிருக்கும். ஆற்றுத் தண்ணீரை நம்பி நெல் போடுகிறவரிடம் முன்னாலேயே உட்கார்ந்து பேசாத தொழிலுக்கு இந்த ஊரில் நிம்மதி கிடையாது.

நிர்வாகிகள் விஷயத்தில் கறாராக இருங்கள். தலைவர், செயலாளர், பொருளாளர் மூவரும் எந்தக் கட்சியிலும் பொறுப்பில் இருக்கக் கூடாது என்று விதியிலேயே எழுதிவிடுங்கள். யார் வீட்டிலும் கட்சிப் பற்று இருக்கும், அது தவறில்லை. ஆனால் எங்கள் நிர்வாகி ஒருவர் ஒரு கட்சிக் கூட்டத்தில் துண்டு போட்டு எடுத்த படத்தை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வைத்தார். மறுநாளே இன்னொரு கட்சியின் ஒன்றியச் செயலாளர் போன் செய்து, "நீங்க பொதுவான ஆளுகன்னு சொன்னீங்களே" என்றார். அவரைத் திரும்பக் கூட்டத்துக்கு வரவைக்க எங்களுக்கு ஒன்றரை வருடம் ஆனது.

பதிவு

இதில் பெரிய வித்தை எதுவும் இல்லை. நோக்கக் குறிப்பு, விதிமுறைகள், உறுப்பினர் பட்டியல், அலுவலக முகவரிக்குச் சான்று ஆகியவற்றோடு மாவட்டப் பதிவாளரிடம் விண்ணப்பிக்க வேண்டும். நோக்கம் எழுதும் இடத்தில் எந்தக் கட்சியையும் ஆதரிப்பதோ எதிர்ப்பதோ இல்லை என்பதை ஒரு தனி வரியாகச் சேருங்கள். பதிவு வந்ததும் பான் எண், வங்கிக் கணக்கு. கம்பெனிகள் சட்டம் 2013-ன் 8-வது பிரிவில் லாப நோக்கமற்ற கம்பெனியாகவும் பதியலாம். ஆனால் ஆண்டு தோறும் தணிக்கை, படிவங்கள் என்று செலவு கூடும். தொடக்கத்தில் சங்கப் பதிவே போதும்.

மினிட்ஸ் புத்தகம் முதல் நாளிலிருந்தே வேண்டும். பக்க எண் அச்சிட்ட கெட்டி அட்டை நோட்டு வாங்குங்கள். தாள் தாளாகச் சேர்த்துப் பைண்டு செய்வது வேண்டாம்.

எது யார் கையில்?

இதுதான் மன்றத்தின் அடிப்படைப் பாடம். புதிதாக வருகிறவர்கள் இதற்கு ஒரு மாதம் ஒதுக்கினாலும் தகும்.

டவுன் போஸ் மார்க்கெட், பாளை காந்தி மார்க்கெட் கடை வாடகை, தொழில் உரிமம், குப்பை வரி என்றால் அது மாநகராட்சி. 55 வார்டு கவுன்சிலர்களிடமும் மேயரிடமும்தான் பேச வேண்டும். எம்பியிடம் கொடுத்தால் அவர் மரியாதைக்கு வாங்கி வைத்துக்கொள்வார். மின் கட்டணத்தைத் தீர்மானிப்பது மின்சார ஒழுங்குமுறை ஆணையம். அது கட்டண மாற்றத்துக்கு முன் பொதுமக்களிடம் கருத்துக் கேட்கும். அந்த நாளில் போய்ப் பேசுவது ஒன்று, மாநில அரசு மானியம் தரவேண்டும் என்று கட்சிகளிடம் கேட்பது வேறொன்று. இரண்டையும் ஒரே மனுவில் கலக்காதீர்கள். மண்பாண்டக்காரர்களுக்குக் குளத்து மண் எடுக்க அனுமதி, 1959-ம் ஆண்டு சிறு கனிமச் சலுகை விதிகளின் கீழ் வருகிறது, அது மாநிலம். நாங்குநேரி சுங்கச்சாவடி, தூத்துக்குடி வ.உ.சி. துறைமுகம், ரயில் சரக்கு எல்லாம் ஒன்றிய அரசு.

எல்லைகளையும் பார்த்துக்கொள்ளுங்கள். தென்காசி 2019-ல் தனி மாவட்டம் ஆகிவிட்டது. ஆனால் ஆலங்குளம் சட்டமன்றத் தொகுதி தென்காசி மாவட்டத்தில் இருந்தாலும் திருநெல்வேலி மக்களவைத் தொகுதிக்குள் வருகிறது. ஆலங்குளத்துக் கடைக்காரர் கலெக்டரைப் பார்க்கத் தென்காசிக்குப் போக வேண்டும். அவருடைய எம்பியோ நெல்லை எம்பி. இப்படி ஒரு சின்ன வரைபடம் போட்டு மன்றச் சுவரில் ஒட்டிவிடுங்கள்.

இன்னொன்று, ஜிஎஸ்டி விகிதத்தைக் குறைக்கச் சொல்லிப் பட்ஜெட்டுக்கு முன் மனு கொடுப்பது எங்கும் நடக்கிறது. ஒன்றிய பட்ஜெட்டில் அதைத் தேடிப் பயனில்லை. 2025 செப்டம்பரில் பீடிக்கு 28-லிருந்து 18 சதவீதம், பீடி இலைக்கு 18-லிருந்து 5 சதவீதம் என்று முடிவு செய்தது கவுன்சிலின் 56-வது கூட்டம்.

அப்பளக் கவர்

ஒரு கோரிக்கை எப்படி உருவாக வேண்டும் என்பதற்கு எங்களுக்கே பாடமாக அமைந்த ஒன்றைச் சொல்கிறேன்.

கல்லிடைக்குறிச்சி அப்பளக்காரர் ஒருநாள் ஒரு பில்லைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். அப்பளம் பொதிய பிளாஸ்டிக் கவர் வாங்கிய பில். 10,000 ரூபாய்ச் சரக்கு, 18 சதவீதம் ஜிஎஸ்டி 1,800, ஆக மொத்தம் 11,800. "அப்பளத்துக்கு வரியே கெடையாதுங்காங்க, அப்ப இந்த 1,800 என்ன?" என்றார். அவர் கேட்டது நியாயமான கேள்வி. அப்பளத்துக்கு ஜிஎஸ்டி கிடையாது. ஆனால் வரியில்லாப் பொருள் விற்கிறவர், தான் வாங்கும் பொருளுக்குக் கட்டிய வரியைத் திரும்ப எடுக்க முடியாது. ஆக அந்த 1,800 அப்பளத்தின் அடக்க விலையில் போய் உட்கார்ந்துவிடுகிறது.

உடனே ஒருவர், "அப்பளத்துக்கு 5 சதவீதம் போடச் சொல்லுவோம், அப்ப கவர் வரியைக் கழிச்சுக்கலாம்" என்றார். கேரளாவுக்கு பிராண்டு போட்டு அனுப்புகிறவர்கள் சரி என்றார்கள். அன்று வந்திருந்த ஓர் அக்கா எழுந்தார். வீட்டு மாடியில் நான்கு பெண்களோடு அப்பளம் இடுகிறவர். ஐப்பசி மழை வந்தால் காயவைக்க இடமில்லாமல் தொழில் நின்றுபோகும் அளவுக்குச் சின்னத் தொழில். "வரி போட்டா நான் ஜிஎஸ்டி நம்பர் எடுக்கணுமா?" என்று கேட்டார். வரியில்லாப் பொருளை மட்டும் விற்கிறவர் இப்போது பதிவே செய்ய வேண்டாம். வரி வந்தால், வியாபாரம் வரம்பைத் தாண்டும்போது பதிவு, மாதக் கணக்கு, என்னைப் போல ஓர் ஆளுக்குச் சம்பளம் எல்லாம் அவர் தலையில் வந்து விழும். வரம்பைத் தாண்டாவிட்டாலும் பெரிய கடைகள் பில் உள்ளவரிடம்தான் வாங்குவோம் என்று ஒதுங்கக்கூடும்.

ஒரே தொழில், ஒரே ஊர். ஆனால் ஒருவருக்கு நன்மையானது மற்றவருக்குக் கெடுதல். அதைக் கவனிக்காமல் "5 சதவீதம் போடுங்கள்" என்று மனு கொடுத்திருந்தால், அந்த அக்காவுக்கு எதிராக அவர் பெயரையும் சேர்த்தே கையெழுத்துப் போட்டிருப்போம். மூன்று கூட்டம் பேசினோம். கடைசியில் அப்பள வரியைத் தொடுவதே இல்லை என்றும், கவருக்கான வரியைக் குறைக்கக் கேட்பது என்றும் முடிவு. இது இரண்டு தரப்புக்கும் நல்லது. முன்னுதாரணமும் கிடைத்தது: அதே 56-வது கூட்டத்தில் அட்டைப்பெட்டிக்கான வரியை 12-லிருந்து 5 சதவீதமாகக் குறைக்க முடிவெடுத்திருந்தார்கள்.

ஒரே பக்கம்

பிறகு அதை எழுதினோம். ஒரு கோரிக்கைக்கு ஒரு பக்கம், அவ்வளவுதான். எங்கள் தாள் இப்படித் தொடங்கியது:

"கோரிக்கை: உணவுப் பொருள் பொதியும் கவருக்கான ஜிஎஸ்டியை 18-லிருந்து 5 சதவீதமாகக் குறைக்க ஜிஎஸ்டி கவுன்சிலில் குரல் கொடுக்க வேண்டும். முடிவு எடுப்பவர்: ஜிஎஸ்டி கவுன்சில். தங்களால் இயல்வது: மாநில நிதியமைச்சருக்கும் ஒன்றிய நிதியமைச்சருக்கும் கடிதம், அவையில் கேள்வி."

அடுத்து அந்தப் பில்லின் நகல். அதற்குக் கீழே, "இதற்கு எதிராகச் சொல்லப்படக்கூடியது" என்று ஒரு பத்தி: பிளாஸ்டிக்குக்கு வரி குறைத்தால் அதன் பயன்பாடு கூடும் என்ற கவலை, அரசுக்கு வரும் வருமானம் குறையும் என்ற கவலை, இரண்டுக்கும் எங்கள் பதில். எதிர்வாதத்தை நாமே எழுதித் தருவதா என்று சிலர் தயங்கினார்கள். ஆனால் அந்தப் பத்தியைப் பார்த்த பிறகுதான் கட்சிக்காரர்கள் நிமிர்ந்து உட்கார்ந்து கேட்டார்கள். அவையில் அவர்களைத்தானே குறுக்குக் கேள்வி கேட்பார்கள்!

கூப்பிடுவதும் உட்கார வைப்பதும்

எந்தக் கட்சியாக இருந்தாலும் முதல் கடிதம் மாவட்டச் செயலாளருக்கோ மாவட்டத் தலைவருக்கோ போகட்டும். அவருக்குத் தெரியாமல் எம்எல்ஏவை நேரடியாக அழைத்தால் இருவருமே வராமல் போகலாம். வர்த்தக அணி நிர்வாகிக்கும் ஒரு பிரதி கொடுங்கள். நம் பேச்சு அவருக்கு எளிதில் புரியும். எல்லாக் கட்சிக்கும் ஒரே வாசகம், ஒரே நாளில்.

தேதி குறிப்பதற்கு முன் பஞ்சாங்கம் பாருங்கள். முகூர்த்த நாளில் கட்சிக்காரர் ஒருவரும் கிடைக்க மாட்டார்; காலையிலிருந்து கல்யாண வீடுகளுக்கே ஓட வேண்டியிருக்கும். ஆடியும் மார்கழியும் முகூர்த்தம் இல்லாத மாதங்கள், கூட்டம் போட நல்ல காலம். ஆனித் தேரோட்டம், பாளை தசரா நாட்களைத் தவிருங்கள். மேலப்பாளையத்து உறுப்பினர்களுக்காக வெள்ளி மதியமும், பாளையில் தேவாலயத்துக்குப் போகிறவர்களுக்காக ஞாயிறு காலையும் வேண்டாம். சட்டமன்றம் நடக்கும் நாட்களில் எம்எல்ஏக்கள் சென்னையில் இருப்பார்கள்.

இடம் பொதுவாக இருக்கட்டும். கட்சிக்காரருக்குச் சொந்தமான மண்டபம் இலவசமாகக் கிடைத்தாலும் வேண்டாம். கட்சிப் பெயரின் அகர வரிசைப்படி நாற்காலி, எல்லாருக்கும் ஒரே அளவு நேரம், சால்வை கிடையாது. சால்வை போடாததற்கு முதல் கூட்டத்தில் கொஞ்சம் முணுமுணுப்பு இருந்தது. ஒருவருக்குப் போட்டு இன்னொருவருக்கு விட்டுப்போகும் சங்கடமே இல்லை என்று சொன்னதும் புரிந்துகொண்டார்கள். டீ, வடை போதும். எங்களிடம் அல்வாகூடக் கிடையாது.

பேசுவது தொழில் செய்கிறவராகவே இருக்கட்டும். கவர் விஷயத்தை நான் பேசவில்லை, மாடியில் அப்பளம் இடும் அந்த அக்காதான் பில்லைக் கையில் வைத்துக்கொண்டு நான்கு நிமிடம் பேசினார். மூன்று கட்சியினர் நகல் கேட்டு வாங்கிப் போனார்கள். வரி இதை எழுதும்போதும் 18-லேயே இருக்கிறது, கேட்பதை நிறுத்தவில்லை.

எதிர்க்கட்சி எம்எல்ஏவைக் குறைவாக நினைக்காதீர்கள். மாநில பட்ஜெட்டுக்குப் பிறகு ஒவ்வொரு துறையின் செலவுக்கும் சட்டமன்றத்தின் ஒப்புதல் கேட்கும் மானியக் கோரிக்கை விவாதம் வரும். அங்கே எதிர்க்கட்சி உறுப்பினர் ஒரு கேள்வி எழுப்பினால் அமைச்சர் பதில் சொல்லியாக வேண்டும்; அந்தப் பதில் அவைக் குறிப்பில் ஏறிவிடும். அதற்கான விவரத்தைப் பட்ஜெட்டுக்கு முன்பே எல்லா உறுப்பினர்களிடமும் கொடுத்துவிடுங்கள்.

பணம்

மன்றம் எந்தக் கட்சிக்கும் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காது, எந்தக் கட்சியிடமும் வாங்காது. விதியில் இதைத் தடித்த எழுத்தில் போடுங்கள். மாநாட்டு விளம்பரம், மலர், பந்தல் செலவு எல்லாம் இதில் அடங்கும். உறுப்பினர் ஒருவர் தன் சொந்தக் கம்பெனி பெயரில் கொடுக்க விரும்பினால் அது அவர் பாடு. ஆனால் தொடங்கி 3 ஆண்டு முடியாத கம்பெனி கட்சிக்கு நன்கொடை தரக் கூடாது என்றும், தருகிற கம்பெனிக்கு இயக்குநர் குழுத் தீர்மானம் வேண்டும் என்றும் கம்பெனிகள் சட்டம் 182-வது பிரிவு சொல்கிறது. கொடுப்பவர் பெயர் வெளியே தெரியாமல் வங்கி மூலம் நன்கொடை தரும் தேர்தல் பத்திரம் என்ற வழியை உச்ச நீதிமன்றம் 2024 பிப்ரவரி 15-ல் ரத்து செய்துவிட்டது. இந்தியாவில் இப்படிக் கொள்கை பற்றிக் கட்சிகளிடம் பேசும் அமைப்புகளுக்கென்று ஜெர்மனியில் 2022-லிருந்து உள்ளதுபோல ஒரு பதிவேட்டுச் சட்டம் கிடையாது. ஆகவே நம் கணக்கை நாமே திறந்து வைக்க வேண்டியிருக்கிறது. எங்கள் வரவு செலவை ஆண்டுக்கு ஒருமுறை எல்லாக் கட்சி அலுவலகங்களுக்கும் தபாலில் அனுப்புகிறோம்.

சந்தா எல்லாருக்கும் ஒரே தொகை. பெரிய ஆலைக்காரர் கூடுதலாகத் தருகிறேன் என்றால் நன்றி சொல்லி மறுத்துவிடுங்கள்.

தேர்தல் வந்தால்

கட்சிகளின் தேர்தல் அறிக்கை தயாரிக்கும் குழுக்கள் தேர்தலுக்குச் சில மாதங்கள் முன்பே ஊர் ஊராக வரும். 2024 மக்களவைத் தேர்தலுக்கு முன் திமுக குழு கனிமொழி தலைமையில் மாவட்டங்களுக்குப் போய்க் கருத்துக் கேட்டது. அதிமுக குழுவும் மண்டலம் மண்டலமாகக் கேட்டது. அந்த வாரத்தில் தாள் எழுத உட்கார்ந்தால் நேரம் போதாது. வருடம் முழுக்க எழுதி வைத்திருந்தால் இரண்டே தாளை எடுத்துக்கொண்டு போகலாம்.

தேர்தல் நடத்தை விதி அமலானதும் கூட்டத்துக்கு அனுமதி வாங்குங்கள். ஒரு வேட்பாளருக்கு மட்டும் மேடை கொடுத்தால் அந்தச் செலவு அவர் கணக்கில் சேர்க்கப்படலாம்; சட்டமன்ற வேட்பாளருக்கு உச்சவரம்பு 40 லட்சம் என்பதால் அவர்களே இதில் கவனமாக இருப்பார்கள். எல்லா வேட்பாளர்களையும் ஒன்றாக அழைப்பதே நல்லது. அச்சிடும் எந்தத் தாளிலும் அச்சகத்தின் பெயர், வெளியிடுபவர் பெயர் இரண்டும் இருக்கட்டும். சாப்பாடு வேண்டவே வேண்டாம், அந்த மாதத்தில் வடையைக்கூட நிறுத்திவிடுகிறோம். உறுப்பினர்களுக்கு ஒரு நினைவூட்டல்: 50,000 ரூபாய்க்கு மேல் ரொக்கம் கொண்டுபோனால் பில், வங்கிச் சீட்டு கையில் வேண்டும், இல்லையென்றால் பறக்கும் படை எடுத்துக்கொள்ளும்.

அதற்கப்புறம்

கூட்டம் முடிந்த ஒரு வாரத்துக்குள் யார் என்ன சொன்னார் என்று எழுதி, சொன்னவரிடமே காட்டிச் சரிபார்த்து, எல்லாக் கட்சிக்கும் அனுப்புங்கள். "முடியாது" என்றவரின் காரணத்தையும் எழுதுங்கள். அது பெரும்பாலும் "பார்க்கிறேன்" என்ற பதிலைவிட உபயோகமாக இருக்கிறது. மூன்று மாதம் கழித்து அதே தாளோடு மறுபடி போங்கள்.

எங்கள் கோப்பின் முதல் பக்கத்தில் அந்த 2018 மனுவின் நகலைத்தான் வைத்திருக்கிறோம். புதிதாக யார் சேர்ந்தாலும் அதைக் கொடுத்து, 22 கோரிக்கைகளுக்கும் பக்கத்தில் "யார் கையில்" என்று பென்சிலால் எழுதிக் கொண்டுவரச் சொல்கிறோம். ஒருவருக்கு ஏறக்குறைய ஒரு வாரம் ஆகிறது. அதை முடித்துக் கொண்டுவந்த பிறகுதான் அவரைக் கட்சிக்காரர்களோடு உட்கார வைக்கிறோம்.